மைத்துனனின் கடன்

கி.மு. 390ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஏதென்ஸ் அரசு நிகோபீமஸ் என்பாரையும் அவர் மகன் அரிஸ்தோபனீசையும் (நாடகாசிரியர் அல்லர், வேறொருவர்) விசாரணையின்றிக் கொன்று உடைமைகளைப் பறிமுதல் செய்தது. எதிர்பார்த்த பொருள் தேறவில்லை. அரசுக்குச் சேரவேண்டிய மிச்சத்தை அரிஸ்தோபனீசின் மாமனார் பதுக்கிவிட்டார் என்று வழக்கு எழுந்தது. அவரும் இறந்துபோக, குடும்பச் சொத்தைக் காக்கும் சுமை அவர் மகன்மேல் விழுந்தது. அவனுக்கு முறைமன்ற உரை எழுதித் தந்தவர் லிசியாஸ்.

இல்லாத பொருளை இல்லையென்று எவ்வாறு மெய்ப்பிப்பது? லிசியாஸ் ஊர்ப்பேச்சையே உரைத்துப் பார்க்கிறார். நிகியாசின் குடும்பத்தில் 100 தாலந்தேனும் இருக்குமென ஊர் நம்பியது; அவர் மகன் விட்டுச் சென்றதோ 14க்கு மேல் இல்லை. இறந்த தந்தை 50 ஆண்டுகளில் நகருக்கென 9 தாலந்தும் 2000 திராக்மாவும் செலவிட்டவர், கணக்கேடு இருக்கிறது. கணவனை இழந்த சகோதரி மூன்று சிறு குழந்தைகளோடு அவன் ஆதரவில் இருக்கிறாள். அவளுடைய சீதனமும் திரும்பவில்லை.

அரசின் மதிப்பீடு பொய்த்தால் அப்பற்றாக்குறை உறவினரின் குற்றமாகிவிடுகிறது. நம்மை உறுத்துவது இதுவே. லிசியாசுக்கு இஃது ஏட்டறிவன்று. கி.மு. 404இல் முப்பதின்மர் ஆட்சி அவர் குடும்பத்தின் 700 கேடயங்களைப் பறித்து, அண்ணன் பொலெமார்கசைக் கொன்றது. மூன்று வீடுகள் இருந்தும், ஒரு வாடகைக் கொட்டகையில்தான் அவ்வுடலைக் கிடத்த முடிந்தது.