முட்டையை வைத்திருப்பவர் யார்? போக்கிமான் விதிகளும் மைசூர்ப் பட்டுப்புழுவும்

கோலார் தங்கச் சுரங்கங்கள் 2001 பிப்ரவரி 28 அன்று மூடப்பட்ட பிறகு, தங்கவயல் மக்களில் பெரும்பகுதியினரின் வாழ்வு பங்காருபேட்டை வழியாகப் பெங்களூரு செல்லும் ரயில்களோடு பிணைந்துவிட்டது. அத்தகைய காலை ரயில் ஒன்றில் அருகில் அமர்ந்திருந்த கல்லூரி மாணவர் கைப்பேசியில் போக்கிமான் விளையாடிக்கொண்டிருந்தார். என் ஆய்வு பட்டு வளர்ப்பின் வரலாறு பற்றியது என்று அறிந்ததும் அவர் கேட்டார்: "அண்ணா, இந்த முட்டையில எப்பவும் தாயோட இனந்தான் வருது. அப்ப அப்பாவுக்கு என்ன வேலை?"

விளையாட்டாகக் கேட்கப்பட்ட அக்கேள்வி, மைசூர் நாட்டுப் பட்டுத்தொழிலின் மையக் கேள்விகளுள் ஒன்று. ரயிலில் முழுமையாகச் சொல்ல இயலாத விடையை இங்கே எழுதுகிறேன்.

முதலில் விளையாட்டின் விதியைப் பார்ப்போம். 1996இல் ஜப்பானில் வெளியான முதல் போக்கிமான் விளையாட்டுகளில் இனப்பெருக்கம் இல்லை. 1999 நவம்பரில் வெளியான 'கோல்டு', 'சில்வர்' பதிப்புகளிலேயே ஆண், பெண் வேறுபாடும் முட்டையும் புகுத்தப்பட்டன. பொருந்தும் இரண்டு உயிர்களைக் காப்பகத்தில் விட்டுவைத்தால் முட்டை கிடைக்கும். ஆட்டக்காரர் அதைச் சுமந்து நடக்க நடக்க அது பொரியும். எந்த இனம் பிறக்கும் என்பதைத் தாய் முடிவு செய்கிறது. அந்த இனம் இயல்பாகக் கற்க முடியாத சில தாக்குதல் திறன்களைத் தந்தை கடத்துகிறது. 2002இல் வந்த 'ரூபி', 'சஃபையர்' பதிப்புகள் முதல், உயிரின் ஆறு உடற்பண்புகளுக்கும் பிறப்பிலேயே 0 முதல் 31 வரையிலான மறைமதிப்புகள் அமைந்தன. அவற்றுள் மூன்று பெற்றோரிடமிருந்து வந்தன. 2013இன் பதிப்புகளிலோ, குறிப்பிட்ட ஒரு பொருளைப் பெற்றோரில் ஒன்றிடம் கொடுத்துவைத்தால் ஐந்து மதிப்புகள் வரை கடத்த முடிந்தது. ஆகவே பொறுமையுள்ள ஆட்டக்காரர் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்து, ஏறத்தாழக் குறையற்ற ஒரு மரபை உருவாக்கிவிடலாம்.

இவ்விளையாட்டை உருவாக்கிய சதோஷி தஜிரி, தோக்கியோவின் புறநகரான மச்சிதாவில் சிறுவயதில் பூச்சிகளைத் தேடிப் பிடித்துச் சேர்த்தவர். ஹச்சியோஜியிலிருந்து யோகோஹாமா துறைமுகத்துக்குக் கச்சாப்பட்டு சென்ற பழைய வணிகப் பாதை அந்த மச்சிதா வழியாகவே சென்றது. விளையாட்டின் விதிகள் பட்டுப்புழுவிலிருந்து எடுக்கப்பட்டவை என்று நான் வாதிடவில்லை. ஆயினும், முட்டை, புழு, கூடு, அந்து என உருமாறும் உயிரை மனிதர் இணைசேர்த்துத் தேர்ந்தெடுப்பது என்ற எண்ணம் ஜப்பானியச் சமூகத்துக்குப் புதிதன்று. அவ்வெண்ணத்தின் ஒரு கிளை மைசூர் நாட்டுக்கும் வந்து சேர்ந்தது.

மைசூரில் பட்டு வளர்ப்பை நிலைநிறுத்த முயன்றவர் திப்பு சுல்தான்; 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் வங்காளத்திலிருந்து புழுக்களைத் தருவிக்க அவர் ஏற்பாடு செய்தார். பல தலைமுறைகளுக்குப் பின், இந்நாட்டு வெப்பத்துக்கும் மல்பெரி இலைக்கும் பழகிய ஓர் உள்ளூர் இனம் வேரூன்றியது. அதுவே இன்று 'பியூர் மைசூர்' எனப்படுகிறது. 1866இல் தெ வெக்கி என்ற இத்தாலியர் ஜப்பானிய முட்டைகளை இறக்குமதி செய்து, கெங்கேரியில் நூற்பாலையும் அமைத்தார். அப்போது மைசூரின் ஆணையராக இருந்தவர் லூயின் பௌரிங். பங்காருபேட்டைக்கு நெடுங்காலம் வழங்கிய 'பௌரிங்பேட்' என்ற பெயர் அவரைக் குறித்ததே. பின்னர் ஜம்சேத்ஜி டாட்டா ஜப்பானிய முறையில் ஒரு பட்டுப் பண்ணையைப் பெங்களூரில் நிறுவினார். பசவனகுடியை ஒட்டிய பகுதி ஒன்று இன்றும் 'டாட்டா சில்க் ஃபார்ம்' என்றே அழைக்கப்படுகிறது.

இம்முயற்சிகளில் பொதுவாக ஒரு சிக்கல் இருந்தது. உள்ளூர் இனமும் அயல் இனமும் வெவ்வேறு வகையில் குறையுடையவை. பியூர் மைசூரின் முட்டை சுமார் பத்து நாளில் பொரியும். ஆண்டில் ஐந்தாறு முறை வளர்க்கலாம். வெப்பத்தையும் நோயையும் ஓரளவு தாங்கும். ஆனால் கூடு சிறியது. ஒரு கூட்டிலிருந்து கிடைக்கும் இழை ஏறத்தாழ 400 மீட்டர்தான். ஜப்பானிய இருதலைமுறை இனங்களின் வெண்கூட்டில் இழை 1,000 மீட்டரையும் கடக்கும். ஆனால் அவற்றின் முட்டை குளிர்நாட்டுப் பருவத்துக்கு இசைந்து உறங்கிக் கிடக்கும். தக்க காலத்தில் அமிலத்தில் நனைத்தோ, குளிரில் வைத்தெடுத்தோதான் பொரிக்க வேண்டும். புழுவும் நம் வெயிலில் எளிதில் நலிந்துவிடும்.

விடையை நோக்கி வழிகாட்டியவர் தொயாமா கமெதாரோ. சயாம் அரசின் அழைப்பில் அங்குப் பட்டு வளர்ப்புப் பணியாற்றிய அவர், சயாமிய, ஜப்பானிய இனங்களைக் கலந்து, மெண்டலின் மரபு விதிகள் பட்டுப்புழுவுக்கும் பொருந்துவதை 1906இல் வெளியிட்டார். முதல் தலைமுறைக் கலப்பு பெற்றோரைவிட வலுவாகவும் சீராகவும் இருப்பதைத் தொழிலுக்குப் பயன்படுத்தலாம் என்று வலியுறுத்தினார். முட்டையின் சில பண்புகளைத் தாயின் மரபே தீர்மானிக்கிறது என்பதையும் எழுதினார். ஜப்பானிய அரசு 1911இல் முட்டை உற்பத்தி நிலையம் அமைத்து, 1914 முதல் கலப்பு முட்டைகளை வழங்கலாயிற்று. மைசூர் அரசின் பட்டுத்துறையும் 1910களில் சென்னபட்டணத்தில் பண்ணை அமைத்து, 1920களில் ஜப்பானிய இனங்களை உள்ளூர் இனத்தோடு கலக்கும் பணியில் இறங்கியது.

மாணவரின் கேள்விக்கான விடை இக்கலப்பில் உள்ளது. தாய் மைசூர் இனம், தந்தை அயல் இனம் என்ற வரிசையில் கலந்தால், முட்டை உறங்காது. பத்து நாளில் பொரியும். ஏனெனில் முட்டை உறங்குமா, பொரியுமா என்பது தாயின் வழியில் அமைவது. தந்தையிடமிருந்து பெரிய கூடும் நீண்ட இழையும் வருகின்றன. வரிசையை மாற்றி அயல் இனத்தைத் தாயாக வைத்தால், அதே இரு இனங்களின் பிள்ளைகளே ஆனாலும் முட்டைகள் பெரும்பாலும் உறக்கத்துக்குப் போய்விடும். ஆகவே 'மைசூர் × அயல்' என்று எழுதும்போது தாயை முதலில் எழுதும் வழக்கம் வெறும் சடங்கன்று. உழவர் அடுத்த பயிரை எப்போது தொடங்கலாம் என்பதே அதில் அடங்கியுள்ளது.

விளையாட்டோடு ஒப்பிட்டால் ஒற்றுமை வியப்பூட்டும். 2006இல் புகுந்த இன்னொரு விதி அதை மேலும் நெருக்குகிறது: வேற்றுமொழிப் பதிப்பில் பிறந்த உயிரை இணையாக்கினால், அரிய நிறமுடைய குஞ்சு பிறக்கும் வாய்ப்பு கூடும். வடிவமைப்பாளர் ஜூனிச்சி மசுதாவின் பெயரால் அறியப்படும் முறை அது. தொலைவிலிருந்து வந்த பெற்றோருக்குத் தனி மதிப்புண்டு என்பதை மைசூர்ப் பட்டுத்துறை முன்பே உணர்ந்திருந்தது.

வேற்றுமையோ ஒற்றுமையைவிடக் கனமானது. விளையாட்டில் கலப்பு என்பதே இல்லை. குஞ்சு தாயின் இனமாகவே பிறக்கிறது. மறைமதிப்புகள் பெற்றோரிடமிருந்து அப்படியே படியெடுக்கப்படுகின்றன. எனவே இன்றைய குஞ்சு நாளைய தாயாகலாம். ஈட்டிய சிறப்பு கலையாமல் தொடரும். பட்டுப்புழுவில் முதல் தலைமுறைக் கலப்பின் சிறப்பு அத்தலைமுறையோடு நின்றுவிடும். அக்கலப்புகளையே தமக்குள் இணைசேர்த்தால், இரண்டாம் தலைமுறையில் பண்புகள் சிதறும். பொரியும் நாளும் கூட்டின் அளவும் இழையின் நீளமும் ஒன்றுக்கொன்று ஒவ்வாமல் போகும். சீரற்ற கூட்டை நூற்பவர் குறைந்த விலைக்கே கேட்பார். ஆகவே தன் வீட்டில் விளைந்த நல்ல கூட்டிலிருந்து அடுத்த பயிருக்கு முட்டை எடுக்கும் பழைய உரிமை உழவருக்குப் பொருளற்றதாயிற்று. ஒவ்வொரு பயிருக்கும் முட்டையை விலைக்கு வாங்க வேண்டியதாயிற்று.

அந்த முட்டை உருவாகும் இடம் முட்டை உற்பத்தி நிலையம். அங்கே கூட்டை அறுத்து, கூட்டுப்புழுவின் வயிற்றுக் குறியைக் கொண்டு ஆண், பெண் பிரிக்கிறார்கள். இல்லையேல் ஒரே இனத்து அந்துகள் தமக்குள் இணைசேர்ந்துவிடும். குறித்த இணைக்குப் பின் தாய் அந்து நானூறு, ஐந்நூறு முட்டைகள் இடும். பிறகு அதை நசுக்கி, பெப்ரின் நோயின் கிருமி உண்டா என்று நுண்ணோக்கியில் பார்க்கிறார்கள். 1860களில் ஐரோப்பியப் பட்டுத்தொழிலை அழிவிலிருந்து காக்க லூயி பாஸ்டர் வகுத்த முறை அது. தாயிடம் கிருமி இருந்தால் முட்டைகள் முழுவதும் அழிக்கப்படும். விளையாட்டின் காப்பகத்தில் பெற்றோர் நலமாகத் திரும்பி வருகிறார்கள். இங்கே தாயின் உடலே பிள்ளைகளின் நலச்சான்று.

நோயற்ற, சீரான முட்டையால் உழவர் அடைந்த பயன் பெரிது. அதை மறுப்பது வரலாற்றுக்கு நேர்மையாகாது. எனினும் மரபின் மீதான பிடி வீட்டுத் திண்ணையிலிருந்து பண்ணைக்கும் உரிமச் சட்டத்துக்கும் இடம்பெயர்ந்தது. மைசூர் மாநிலம் 1959இல் முட்டை, கூடு ஆகியவற்றின் உற்பத்தியையும் விற்பனையையும் முறைப்படுத்தச் சட்டம் இயற்றியது. 2006இல் மத்தியப் பட்டு வாரியச் சட்டம் திருத்தப்பட்டு, முட்டைத்தரம் நாடு முழுதும் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. 1991இல் ஜப்பானிய உதவியுடன் தொடங்கிய திட்டம், இருபுறமும் இருதலைமுறை இனமான வெண்பட்டுக் கலப்புகளைப் பரப்பிற்று. அத்தகைய கலப்புகள் நிலைபெறும் ஊரில் மைசூர்த் தாய்க்குத் தேவை குறைகிறது.

அந்தத் தாய் இனம் இன்றும் உயிரோடிருப்பதற்குக் காரணம் குனிகல், மாகடி வட்டார விதைக்கூட்டு உழவர்கள். குறைந்த இழை தரும் புழுவை, அது பிறர் வீட்டுப் பயிருக்குத் தாயாக வேண்டும் என்பதற்காக மட்டுமே அவர்கள் வளர்க்கிறார்கள். கலப்புக்குத் தேவை உள்ளவரைதான் அவர்கள் கூட்டுக்கு விலை. அருங்காட்சியகத்தில் வைத்துக் காக்க முடியாத மரபு இது. ஆண்டுக்கு ஐந்தாறு முறை யாரோ ஒருவர் இலை பறித்துப் போட்டால்தான் தொடரும். அவர்கள் கைவிட்டால், இருநூறு ஆண்டுகளாக இம்மண்ணுக்குப் பழகிய மரபு ஆய்வு நிலையங்களின் சேமிப்பில் மட்டுமே எஞ்சும்.

பியூர் மைசூரைத் தாயாகவும் சி.எஸ்.ஆர்.2 என்ற வெண்பட்டு இனத்தைத் தந்தையாகவும் கொண்ட கலப்புக்கு ஆய்வுத்தாள்களில் வழங்கும் பெயர் 'கோலார் கோல்டு'. வெண்மையை மஞ்சள் மறைப்பதால் அதன் கூடு மஞ்சள் நிறம் பெறுகிறது. அந்த மஞ்சள் தாய் தந்தது. தங்கம், பால், பட்டு என்று மூன்றைச் சொல்லிப் பெருமை கொண்ட மாவட்டத்தில் தங்கச் சுரங்கம் மூடப்பட்டுவிட்டது. பட்டு எஞ்சியிருக்கிறது. தந்தையின் வேலை என்ன என்று கேட்ட மாணவருக்கு, நீண்ட இழை என்று அன்றே சொல்லிவிட்டேன். விளையாட்டில் முட்டை ஆட்டக்காரரின் பையில் இருக்கிறது; இங்கே அது யார் கையில் இருக்க வேண்டும் என்பதை அடுத்த பயணத்தில் அவரிடம் நான் கேட்க வேண்டும்.