கிண்டி வனப்பகுதி மான்கள்

கிண்டி வனப்பகுதி மான்கள் எனப்படுபவை, சென்னையின் தென்பகுதியில் உள்ள கிண்டி தேசியப் பூங்கா, அதனையொட்டிய ஆளுநர் மாளிகை வளாகம், இந்தியத் தொழில்நுட்பக் கழக (ஐ.ஐ.டி.) வளாகம் ஆகிய மூன்று இடங்களில் கட்டின்றித் திரியும் புள்ளிமான்களும் வெளிமான்களும் ஆகும். ஏறத்தாழ 2.7 சதுர கி.மீ. பரப்புள்ள இப்பூங்கா, இந்தியாவின் மிகச் சிறிய தேசியப் பூங்காக்களுள் ஒன்று. அடையாறு, வேளச்சேரி போன்ற நெருக்கமான குடியிருப்புகள் இதனைச் சூழ்ந்துள்ளன. இங்கு மான்களைப் பேணுவதில் உள்ள முதன்மைச் சிக்கல் அவற்றின் மொத்த எண்ணிக்கை அன்று. இரு இனங்களின் தேவைகளும் ஒன்றுக்கொன்று மாறுபட்டிருப்பதே ஆகும்.

வரலாறு

இன்றைய காடு, ஒரு காலத்தில் ஏறத்தாழ 5 சதுர கி.மீ. பரந்திருந்த வேட்டைக்காட்டின் எஞ்சிய பகுதியாகும். கில்பர்ட் ரோடரிக்ஸ் என்பவரின் உடைமையாயிருந்த கிண்டி மாளிகையையும் நிலத்தையும் 1821ல் ஆங்கில அரசு வாங்கியது. 1910ல் 505 எக்டேர் காப்புக்காடாக அறிவிக்கப்பட்டது. விடுதலைக்குப் பின் இந்நிலம் பல பணிகளுக்குப் பிரித்தளிக்கப்பட்டது. 1958ல் ஐ.ஐ.டி. அமைக்க ஒரு பகுதி வழங்கப்பட்டது. காந்தி மண்டபம், ராஜாஜி, காமராசர் நினைவிடங்கள் ஆகியவையும் இந்நிலத்தில் எழுந்தவையே. எஞ்சிய காடு 1977ல் வனத்துறையின் பொறுப்பில் வந்து, 1978ல் தேசியப் பூங்காவானது.

இதனால் ஒரே காட்டின் விலங்குகள் மூன்று நிருவாகங்களின் கீழ் வாழ நேர்ந்தது. காட்டுயிர் பாதுகாப்புச் சட்டம், 1972 மான்களை எங்கிருந்தாலும் காக்கிறது. ஆனால் அவை மேயும் நிலம் கல்வி வளாகமாக இருக்கும்போது, அங்கு எதைக் கட்டுவது, எதை நடுவது என்பன கல்வி நிறுவனத்தின் தேவைகளையும் பொறுத்தே அமைகின்றன.

இரு இனங்கள்

தமிழில் இரண்டையும் மான் என்றே வழங்கினாலும் அறிவியல் முறைப்படி இவை வெவ்வேறு குடும்பங்களைச் சேர்ந்தவை. புள்ளிமானின் கிளைத்த கொம்புகள் உதிர்ந்து மீண்டும் முளைப்பவை. வெளிமானின் முறுக்குக் கொம்புகள் கிளைப்பதுமில்லை, உதிர்வதுமில்லை. ஆடு, மாடுகளை உள்ளடக்கிய குடும்பத்தைச் சேர்ந்த வெளிமானைத் திருகுமான் என்றும் புல்வாய் என்றும் கூறுவர். புல்வாய் என்னும் சொல் தொல்காப்பிய மரபியலிலேயே காணப்படுவதாகும்.

புள்ளிமான் புல்லையும் தின்னும், இலை, தழை, உதிர்ந்த பழங்களையும் தின்னும். மரநிழலும் புல்தரையும் கலந்த இடம் அதற்கு ஏற்றது. தோட்டங்களும் நிழற்சாலைகளும் கொண்ட ஒரு வளாகம் அதற்கு ஏறக்குறைய இயற்கை வாழிடம் போன்றதே. வெளிமானின் நிலை வேறு. அதன் பெயரிலேயே வெளி இருக்கிறது. பகையைத் தொலைவிலேயே கண்டு, வேகமாக ஓடித் தப்புவது அதன் இயல்பு. கலைகள் தத்தம் எல்லையை வகுத்துக்கொண்டு பிணைகளைக் கவர்வதும் திறந்த புல்வெளியில்தான். மரங்கள் அடர்ந்தால் இவ்விரண்டும் இயலாமற் போகின்றன.

பெருக்கமும் குறைவும்

கிண்டியில் சிறுத்தை போன்ற பெரிய ஊனுண்ணிகள் இல்லை. நரிகள் குட்டிகளை மட்டுமே பிடிக்கக்கூடியவை. புள்ளிமான் ஏறத்தாழ எட்டு மாதச் சினைக்காலத்தில் பெரும்பாலும் ஒரு குட்டியே ஈனும். எனினும் ஆண்டின் எல்லாப் பருவங்களிலும் ஈனக்கூடியது. எனவே காலப்போக்கில் அவ்வினம் பெருகியது, வெளிமான்கள் சிறுபான்மையாயின. இவ்விரு இனங்களின் சூழலியலையும் மேலாண்மையையும் ஆராய்ந்து டி. ஆர். சங்கர் ராமன், ஆர். கே. ஜி. மேனன், ஆர். சுகுமார் ஆகியோர் எழுதிய கட்டுரை 1996ல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழக இதழில் வெளிவந்தது.

புல்வெளியின் சுருக்கமே வெளிமான் குறைவுக்குப் பெரிய காரணம் எனலாம். பாதுகாக்கப்பட்ட நிலத்தில் வெட்டும் மேய்ச்சலும் நின்றால் புதரும் மரமும் தாமாகவே முன்னேறுகின்றன. சீமைக்கருவேலம் இதில் முன்னிற்கிறது. அதன் காய்களைத் தின்னும் விலங்குகளே விதைகளைப் பரப்புகின்றன. நல்லெண்ணத்துடன் நடப்படும் மரக்கன்றுகளும் இதே விளைவைத் தருவதுண்டு. மரம் நடுதலே இயற்கைப் பாதுகாப்பு என்ற கருத்து நகரங்களில் வேரூன்றியுள்ளது. வெட்டவெளி வெறும் பொட்டலாகவே பார்க்கப்படுகிறது. ஆனால் கிண்டியில் ஒரு புல்வெளியை நிழற்சோலையாக்குவது, புள்ளிமானுக்கு இடம் கொடுத்து வெளிமானை வெளியேற்றுவதற்கு ஒப்பாகும். பூங்காவினுள் போலோ திடல் எனப்படும் திறந்தவெளியில் புதர்களை அகற்றிப் புல்லைப் பேணுவது இக்காரணத்தினாலேயே இன்றியமையாததாகிறது.

பிற இடர்கள்

உணவு மணக்கும் நெகிழிப் பைகளை மான்கள் விழுங்குகின்றன. இறந்த மான்களின் வயிற்றிலிருந்து இவை எடுக்கப்பட்டுள்ளன. வளாகத்தை விட்டு வெளியேறுபவை சாலைகளில் அடிபடுகின்றன. நாய்கள் மற்றோர் இடர். 2001ஆம் ஆண்டு விதிகளும் அவற்றுக்கு மாற்றாக வந்த 2023ஆம் ஆண்டு விதிகளும், கருத்தடை செய்த தெருநாயைப் பிடித்த இடத்திலேயே விடச் சொல்கின்றன. மான்கள் வாழும் வளாகத்தில் இது எத்தகைய நெருக்கடி என்பதைச் சொல்லத் தேவையில்லை. கல்வி நிறுவன வளாகங்களில் பிடிக்கப்படும் நாய்களை அங்கேயே மீண்டும் விடக்கூடாது என உச்ச நீதிமன்றம் 2025 நவம்பரில் ஆணையிட்டது.

கட்டுப்படுத்தும் வழிகள்

அமெரிக்காவின் புறநகர்களில் மான்கள் மிகும்போது சுட்டுக் குறைப்பதும், சில இடங்களில் கருத்தடை ஊசி போடுவதும் உண்டு. இந்தியச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, கொல்லாமல் எண்ணிக்கையை நெறிப்படுத்தவும் தக்க வாழிடத்துக்கு மாற்றவும் இடமளிக்கிறது.

இடமாற்றம் கேட்பதற்கு எளிது. ஆனால் துரத்திப் பிடிக்கப்படும் மான்களுக்கு அச்சத்தாலும் கடும் ஓட்டத்தாலும் தசைகள் சிதைகின்றன. தப்பியதுபோல் தோன்றுபவையும் சில நாட்களில் இறக்கக்கூடும். மத்தியப் பிரதேசத்தில் பின்பற்றப்படும் போமா முறையில், தழையால் மறைத்த புனல்வடிவ வேலிக்குள் மான்கள் தாமாகச் செல்லுமாறு நடத்தி, மயக்கமருந்தின்றி வண்டியில் ஏற்றுகின்றனர். பென்ச் பகுதியிலிருந்து சாத்பூரா காட்டுக்குப் புள்ளிமான்கள் இவ்வாறு கொண்டு செல்லப்பட்டன. தில்லி ஹவுஸ் காஸ் மான் பூங்காவில் 1960களில் விடப்பட்ட ஆறு மான்கள் 2023க்குள் ஏறத்தாழ 600 ஆகிவிட்டன. அவற்றை ராஜஸ்தானுக்கு அனுப்பும் முயற்சி உச்ச நீதிமன்றம் வரை சென்றது. மனிதர்க்குப் பழகிய நகர மானைப் புலி வாழும் காட்டில் விடுவது தகுமா என்பது அங்கு எழுந்த கேள்விகளுள் ஒன்று.

கிண்டியில் புள்ளிமான்களைக் குறைத்தாலும் வெளிமான்கள் தாமாகப் பெருகிவிடுவதில்லை. மதில்களால் பிரிக்கப்பட்ட சிறு கூட்டங்களில் உறவுக்குள் இனப்பெருக்கம் நிகழ்ந்து மரபணு வளம் குன்றும். அதனால் மதில்களில் மான்கள் கடக்க வழி விடுவதும், கோடியக்கரை போன்ற இடங்களின் வெளிமான்களைக் கொண்டுவந்து சேர்ப்பதும் ஆராயத்தக்கவை. எனினும் வருபவற்றுக்குப் புல்வெளி முதலில் வேண்டும்.