நிக்கலின் சாட்சி

ஓடுகிற எந்தப் பொருளுக்கும் ஓர் அலை உண்டு என்று 1924-ல் பாரிஸில் லூயி டி ப்ராய் தன் ஆய்வேட்டில் எழுதியதைச் சென்ற வாரம் பார்த்தோம். ஐன்ஸ்டைன் மெச்சினார். ஆனால் நிரூபணம்? அதன் முதல் தடயங்கள் நியூயார்க்கில், அலையைத் தேடவே தேடாத ஒருவரின் வரைபடங்களில் ஏற்கெனவே கிடந்தன.

கிளின்டன் டேவிசன் வேலை பார்த்தது தொலைபேசித் தொழிலுக்கான ஆய்வகத்தில். வெஸ்டர்ன் எலக்ட்ரிக்கின் அந்தப் பிரிவுதான் 1925-ல் பெல் ஆய்வகமாக உருவெடுத்தது. வெற்றிடக் குழாய்க்குள் உலோகத்தின்மேல் எலக்ட்ரான் மோதினால் என்ன நடக்கும் என்பதே அவருடைய கேள்வி. சக ஆய்வாளர் கன்ஸ்மனோடு சேர்ந்து செய்த சோதனைகளில், மோதித் தெறித்த எலக்ட்ரான்கள் சில கோணங்களில் மட்டும் கூடுதலாக வந்தன. அணுவின் உள் அமைப்பே இதற்குக் காரணம் என்று டேவிசன் நினைத்தார். 1923-ல் அந்த முடிவுகளை வெளியிட்டுவிட்டு நகர்ந்தார்.

1925 பிப்ரவரி 5. டேவிசனும் சக ஆய்வாளர் லெஸ்டர் ஜெர்மரும் நிக்கல் தகட்டை வைத்துச் சோதனை நடத்திக்கொண்டிருந்தபோது திரவக் காற்று இருந்த பாத்திரம் வெடித்தது. கண்ணாடிக் குழாய் உடைந்தது. காற்று புகுந்து, சூடாக இருந்த நிக்கலின்மேல் ஆக்சைடு படிந்தது. தகட்டைத் தூக்கி எறியாமல், ஹைட்ரஜனிலும் வெற்றிடத்திலும் நெடுநேரம் காய்ச்சிச் சுத்தம் செய்தார்கள். மறுபடி சோதித்தபோது முடிவுகள் அடியோடு மாறியிருந்தன. குழாயைத் திறந்து பார்த்தால், பொடிப்பொடிப் படிகங்களால் ஆன நிக்கல், காய்ச்சியதில் சில பெரிய படிகங்களாகத் திரண்டிருந்தது.

கதையை இந்த விபத்தோடு முடித்துவிடுவோர் உண்டு. ஆனால் விபத்து கொடுத்தது படிகத்தை மட்டும்தான். அதற்குப் பிறகும் டேவிசன் ஒன்றரை வருடத்துக்கு மேல் அலை என்ற பேச்சையே எடுக்கவில்லை. அணுக்கள் வரிசையாக அடுக்கியிருப்பதால் எலக்ட்ரான் அந்தச் சந்துகள் வழியே வெளியேறுகிறது என்றே எண்ணி, நிக்கலின் ஒற்றைப் படிகத்தை வைத்து ஆராய்ந்தார். உருப்படியாக ஒன்றும் தேறவில்லை.

1926 கோடையில் மனைவியோடு இங்கிலாந்து போனார். ஆக்ஸ்ஃபோர்டில் நடந்த பிரிட்டிஷ் அசோசியேஷன் கூட்டத்தில் இயற்பியலாளர் மாக்ஸ் போர்ன் பேசினார். டி ப்ராய் அலைக்குச் சான்றாக அவர் எடுத்துக் காட்டியது வேறு யாருடையதும் அல்ல, டேவிசனின் 1923 முடிவுகள்! டேவிசனுக்கே அது புதுச் செய்தி. திரும்பும் கப்பல் பயணம் முழுக்க ஷ்ரோடிங்கரின் அலை இயக்கவியல் கட்டுரைகளோடு மல்லுக்கட்டினார்.

நியூயார்க் திரும்பியதும் தேடல் திசை மாறியது. எங்கே பார்க்க வேண்டும் என்பது இப்போது தெரிந்துவிட்டதே. 1927 ஜனவரியில் அலை சிக்கியது. 54 வோல்ட்டில் முடுக்கிய எலக்ட்ரான்கள், பாய்ந்து வந்த பாதையிலிருந்து 50 டிகிரி சாய்வில் குவிந்தன. நிக்கல் படிகத்தின் மேற்பரப்பில் அணு வரிசைகளுக்கு இடையே 2.15 ஆங்ஸ்ட்ராம். அதை 50 டிகிரியின் சைன் மதிப்பான 0.766-ஆல் பெருக்கினால் அலைநீளம் 1.65 ஆங்ஸ்ட்ராம். டி ப்ராய் சூத்திரத்தில் 54 வோல்ட்டைப் போட்டால் வருவது 1.67. எக்ஸ் கதிர் படிகத்தில் விளிம்பு விளைவு காட்டுவதைப் போலவே எலக்ட்ரானும் காட்டியது. ஏப்ரலில் ‘நேச்சர்’ இதழில் செய்தி வெளியானது.

மூன்று வருடத்துக்கு முந்தைய வரைபடங்களில் போர்ன் அலையைக் கண்டதற்குக் காரணம், அவரிடம் கோட்பாடு இருந்தது. டேவிசனிடம் இருந்தது உழைப்பும் நல்ல படிகமும். இரண்டும் ஆக்ஸ்ஃபோர்டில் சந்திக்காமல் போயிருந்தால், இந்தப் பெருமை முழுவதும் ஸ்காட்லாந்துக்குப் போயிருக்கலாம். ஏனென்றால் அபர்டீனில் இன்னொருவர், மெல்லிய செல்லுலாய்டு ஏட்டின் வழியே எலக்ட்ரானைச் செலுத்தி அதே 1927-ல் அலை வளையங்களைப் படம் பிடித்துவிட்டார். 1937-ல் டேவிசனோடு நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட அவர், எலக்ட்ரானைத் துகளாகக் கண்டறிந்த ஜே. ஜே. தாம்சனின் மகன் ஜார்ஜ் பேஜட் தாம்சன். அவர் கதை அடுத்த வாரம்.