வீட்டுக் கடனும் இருமடங்கு வரம்பும்

வீட்டின் பேரில் கடன் படுவது தமிழ்நாட்டுக் குடும்பஸ்தர்களுக்குப் புதிய சங்கதி அன்று; மகளின் கல்யாணத்துக்காகவும், தகப்பனாரின் வைத்தியத்துக்காகவும், வியாபாரத்தில் விழுந்த நஷ்டத்தை ஈடுகட்டுவதற்காகவும் பாட்டனார் கட்டிய வீட்டை அடமானம் வைத்துவிட்டு, அதை மீட்பதிலேயே ஆயுளைக் கழித்தவர்கள் ஒவ்வொரு தெருவிலும் இருந்திருக்கிறார்கள். அவர்கள் இருந்த வீட்டை வைத்துக் கடன் வாங்கினார்கள். நாமோ இல்லாத வீட்டை வாங்குவதற்கே கடன் வாங்குகிறோம். இந்த மாறுதலோடு கூடவே இன்னொரு மாறுதலும் நேர்ந்தது. கடனுக்கு மொத்தத்தில் கொடுக்க வேண்டிய விலை இன்னதென்பதைப் பழைய வழக்கங்கள் ஏதாவதொரு வகையில் கடனாளியின் கண்ணுக்குக் காட்டின, அல்லது அதற்கு ஓர் எல்லை கட்டின. இன்றைய மாதத் தவணையோ அவ்விலையைச் சிறு சிறு தொகைகளாகப் பிரித்து, இருபது முப்பது வருஷங்களின்மேல் பரப்பிவிடுகிறது. இது நேர்ந்த விதத்தைக் காலக்கிரமமாகப் பார்ப்பது, கடன் பத்திரத்தில் கையொப்பமிடப் போகிறவர்களுக்கும் பிரயோஜனப்படும்.

வட்டிக் கணக்கைக் கல்லிலேயே வெட்டிவைத்த தேசம் இது. தஞ்சைப் பெரிய கோயிலில் உள்ள முதலாம் ராஜராஜன் காலத்துச் சாசனங்கள், கோயிலுக்குச் சமர்ப்பிக்கப்பட்ட காசு பல ஊர்ச் சபைகளிடம் கொடுத்துவைக்கப்பட்ட விவரத்தையும், காசு ஒன்றுக்கு வருஷந்தோறும் அரைக்கால் காசு, அதாவது 100க்கு 12½, பொலிசையாகச் செலுத்த அச்சபைகள் இசைந்த விவரத்தையும் தெரிவிக்கின்றன. எட்டு வருஷங்களில் பொலிசை முதலுக்குச் சமமாகிவிடும். எனினும் முதலைத் திருப்பி வாங்குவது அந்த ஏற்பாட்டின் நோக்கமன்று. சந்திர சூரியர் உள்ளவரை பொலிசை வந்துகொண்டே இருந்து, விளக்கும் நைவேத்தியமும் தடையின்றி நடக்க வேண்டும் என்பதே நோக்கம். முடிவில்லாத கடனாக இருந்தாலும், முடிவில்லாதது என்பது ஊரறியக் கல்லில் எழுதப்பட்டிருந்தது.

தனி மனிதர்களின் வியவகாரத்துக்குத் தர்மசாஸ்திரங்கள் வேறு நியாயம் வகுத்தன. வசிஷ்டர் விதித்ததாக மனுஸ்மிருதி கூறும் வட்டி மாதத்துக்கு 80இல் ஒரு பங்கு. கௌடில்யரின் அர்த்தசாஸ்திரமும் 100 பணத்துக்கு மாதம் 1¼ பணமே தர்மமான வட்டி என்று அதே விகிதத்தைச் சொல்கிறது. வருஷக் கணக்கில் இது 100க்கு 15. இவற்றோடு, நம் விஷயத்துக்கு மிகவும் முக்கியமான இரண்டு விதிகளையும் மனுஸ்மிருதியில் காண்கிறோம். கடன் கொடுத்தவன் அனுபவித்துக்கொள்ளும்படியாக ஒரு பொருளை ஈடு வைத்திருந்தால், அந்த அனுபோகமே வட்டிக்கு ஈடாகையால், தனியே வட்டி வாங்கலாகாது என்பது ஒன்று. ஒரே சமயத்தில் வசூலிக்கும் வட்டி அசலுக்கு மேற்படக் கூடாது, அதாவது நிலுவை எத்தனை வருஷம் வளர்ந்தாலும் கடன் இருமடங்கோடு நின்றுவிட வேண்டும் என்பது மற்றொன்று. பிற்கால நியாயஸ்தலங்களில் 'தாம்துபட்' என்று வழங்கப்பெற்றது இந்த இரண்டாவது விதியே.

முதல் விதியின் உயிருள்ள உருவம் நம் நாட்டு ஒத்தி. கிழமேல் ஜாதியடி இத்தனை, தென்வடல் ஜாதியடி இத்தனை, நான்கெல்லை இன்னின்ன, கிணற்றில் இத்தனை பங்கு, கொல்லையில் நிற்கும் தென்னை இத்தனை என்று வீட்டை அங்குலம் அங்குலமாக வர்ணித்துக்கொண்டே போகும் பழைய ஒத்திப் பத்திரத்தின் சாரமெல்லாம், 'பணத்துக்கு வட்டியில்லை, வீட்டுக்கு வாடகையில்லை' என்று இன்றும் ஜனங்கள் வாயில் வழங்கும் ஒரே வாக்கியத்தில் அடங்கிவிடும். கெடு மூன்று வருஷமோ ஐந்து வருஷமோ இருக்கும். அதுவரை பணம் கொடுத்தவர் வீட்டில் குடியிருப்பார். வீட்டுக்காரர் அதே தெருவில் ஒரு சிறு வாடகை வீட்டுக்குக் குடிபோய், தம்முடைய திண்ணையில் பிறர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக்கொண்டே நடமாடுவார். கடனின் விலை இன்னதென்று அவருக்கு யாரும் கணக்குப் போட்டுச் சொல்ல வேண்டியதில்லை. மாதாமாதம் தாம் கொடுக்கும் வாடகையும் தம் வீட்டிலிருந்து வராமற்போன வாடகையும் எந்நேரமும் எதிரே நின்றன.

ஒத்தியில் ஆபத்து இல்லாமலும் இல்லை. கெடு முடிந்தும் அசலைப் புரட்ட முடியாத குடும்பங்களில், பாட்டன் ஒத்தி வைத்த வீட்டைப் பேரன் மீட்கப் புறப்பட்ட வழக்குகள் ஏராளம். இதற்காகவே 1908ஆம் வருஷத்துக் காலவரைச் சட்டம் அடமானத்தை மீட்க 60 வருஷம் அவகாசம் தந்தது. 1963ஆம் வருஷத்துச் சட்டம் அதை 30 ஆகக் குறைத்தது. அனுபோக அடமானத்தில் பணம் தீராதவரை அந்தக் காலவரையும் ஓடத் தொடங்காது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் தீர்ப்பளித்தது. வீட்டை மீட்கும் உரிமை ஒருபோதும் எளிதில் அழியலாகாது என்ற எண்ணம் சட்டத்தில் இவ்வாறு வேரூன்றி நின்றது.

ஆனால் இருமடங்கு என்ற எல்லைக்கு அந்தப் பாக்கியம் கிட்டவில்லை. வட்டிக்கு உச்சவரம்பு விதித்த பழைய சட்டங்களைக் கம்பெனி அரசாங்கம் 1855இல் நீக்கியது. கடன் கொடுப்பவனும் வாங்குபவனும் இசைந்த விகிதம் எதுவாயினும் அதுவே செல்லும் என்றாயிற்று. 1882இல் வந்த சொத்துரிமை மாற்றுச் சட்டம் அடமானங்களை வகைப்படுத்தி, ஒத்தியையும் அவற்றுள் ஒன்றாக ஏற்றதோடு, எழுத்துப் பத்திரமே இல்லாமல் தாய்ப்பத்திரத்தை ஒப்படைத்துக் கடன் வாங்கும் முறையைக் கல்கத்தா, சென்னை, பம்பாய் முதலிய வர்த்தக நகரங்களின் சௌகரியத்துக்காக அனுமதித்தது. இன்று வங்கிகளில் 'எம்.ஓ.டி. போடுவது' என்று சொல்லப்படுவது அதன் வழித்தோன்றலே. 1903ஆம் வருஷத்துத் தீர்ப்புத் தொகுதியில் இடம்பெற்ற ஒரு வழக்கில், அச்சட்டத்துக்கு உட்பட்ட அடமானங்களுக்குத் தாம்துபட் விதி பொருந்தாது என்று சென்னை உயர் நீதிமன்றம் தீர்மானித்தது. பம்பாயிலும் கல்கத்தாவிலும் நீதிபதிகள் வேறு விதமாகக் கருதினார்கள். ஆகவே ஒரே சட்டத்தின்கீழ் அங்கே எல்லை இருந்தது, இங்கே இல்லை.

அவ்வழக்கில் கடன் கொடுத்தது ஒரு நிதி என்பது கவனிக்கத்தக்கது. ஏனெனில் மாதத் தவணை என்ற பழக்கம் இந்நாட்டில் பரவியதில் நிதிகளுக்குப் பெரும் பங்கு உண்டு. இங்கிலாந்தில் பர்மிங்ஹாம் நகரத்து விடுதி ஒன்றில் 1775இல் கூடிய சிலர், மாதந்தோறும் ஆளுக்கு ஒரு தொகை போட்டு, முறைவைத்து ஒவ்வொருவருக்காக வீடு கட்டி, கடைசி அங்கத்தினருக்கும் வீடு கிடைத்தவுடன் சங்கத்தைக் கலைத்துவிடுவது என்ற ஏற்பாட்டைத் தொடங்கினார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் கலைக்கப்படாமல் நிரந்தரமாக நடக்கும் சங்கங்கள் அங்கே தோன்றின. இவ்வகைச் சங்கங்களின் சாயலோடு சென்னையில் எழுந்த நிதிகளுள் ஒன்றான மயிலாப்பூர் இந்து பெர்மனன்ட் பண்டு 1872 முதல் நடந்துவருகிறது. அங்கத்தினர்கள் மாதந்தோறும் போட்டு வைத்த பணமே நகை ஈட்டின்மேலும் வீட்டு ஈட்டின்மேலும் அங்கத்தினர்களுக்குக் கடனாயிற்று. சர் பிரெடெரிக் நிக்கல்ஸன் 1890களில் சென்னை மாகாண அரசாங்கத்துக்குச் சமர்ப்பித்த புகழ்பெற்ற அறிக்கையில் இந்நிதிகளை விரிவாக ஆராய்ந்தார். கடன் வாங்கியவரும் பணம் போட்டவரும் ஒரே ஊரார். வருஷாந்தக் கூட்டத்தில் ஐந்தொகை வாசிக்கப்படும்போது இருவரும் ஒரே பெஞ்சியில் உட்கார்ந்து கேட்டார்கள்.

1930களின் பொருளாதார மந்தத்தில் விளைபொருள் விலை சரிந்து, கடன் மட்டும் சரியாமல் நின்றபோது, இருமடங்கு என்ற பழைய எல்லை எதிர்பாராத உருவத்தில் திரும்பிவந்தது. ராஜாஜியின் மந்திரிசபை 1938இல் கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபருக்கு முற்பட்ட கடன்களில் 1937 அக்டோபர் முதல் தேதிவரை நின்ற வட்டி நிலுவையை அடியோடு தள்ளுபடி செய்தது. அதற்கும் மேலே சென்று, கடனாளி அதுவரை செலுத்திய தொகை அசலின் இரு மடங்கை எட்டியிருந்தால், அசல் உட்படக் கடன் முழுவதும் தீர்ந்ததாகவே கொள்ள வேண்டும் என்றும் விதித்தது. ஸ்மிருதியின் விதி ஒரு சமயத்து நிலுவையை மட்டுமே பார்த்தது. இச்சட்டமோ காலமெல்லாம் கொடுத்ததைக் கூட்டிப் பார்த்தது. விவசாயிகளுக்கென்று ஏற்பட்டதாகையால், பட்டணத்து வீட்டுக்காரர்களுக்குப் பெரும்பாலும் இதனால் அனுகூலம் இல்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு, வீட்டை வாங்கவே கடன் என்ற காலம் பிறந்தது. கூட்டுறவு வீடு கட்டும் சங்கங்களும், 1947இல் ஏற்பட்ட சென்னை நகர அபிவிருத்தி டிரஸ்டும், 1961இல் அதன் ஸ்தானத்தில் வந்த வீட்டு வசதி வாரியமும் மத்தியதர வகுப்பாருக்குத் தவணைமுறையில் வீடு கொடுத்தன. 1977இல் எச். டி. பாரேக் பம்பாயில் தொடங்கிய ஹெச்.டி.எஃப்.சி., மாதச் சம்பளக்காரரின் வருங்காலச் சம்பளத்தை நம்பி நீண்ட காலக் கடன் கொடுக்கும் தொழிலை நாடெங்கும் பரப்பியது. 1988இல் தேசிய வீட்டு வசதி வங்கி செயல்படத் தொடங்கியது. 2002ஆம் வருஷத்துச் சர்ஃபாஸி சட்டம், தவணை தவறிய வீட்டை நீதிமன்றத்துக்குப் போகாமலே கைப்பற்றி ஏலம்விடும் அதிகாரத்தை வங்கிகளுக்கு அளித்தது. நிதியின் பெஞ்சியில் அருகே உட்கார்ந்திருந்தவர் போய், எங்கோ ஒரு கணினியில் இருக்கும் கணக்கு எண் வந்தது.

இனி அந்தக் கணக்கையே சற்று அருகில் பார்ப்போம். 30 லட்சம் ரூபாயை 100க்கு 9 வட்டியில் 20 வருஷத்துக்கு வாங்கினால், மாதத் தவணை ஏறக்குறைய 26,992 ரூபாய். வங்கி தரும் தவணை அட்டவணையின் முதல் வரியைப் பார்த்தால், அத்தொகையில் 22,500 வட்டிக்கும், 4,492 மட்டுமே அசலுக்கும் போவது தெரியும். பத்து வருஷம் தவறாமல் கட்டி, ஏறக்குறைய 32.4 லட்சம் கொடுத்த பின்பும் அசலில் 21.3 லட்சம் பாக்கி நிற்கும். 20 வருஷ முடிவில் கொடுத்த மொத்தம் 64.78 லட்சம். இதே கடனை 30 வருஷத்துக்கு நீட்டினால் தவணை 24,139 ஆகக் குறையும். மாதத்துக்கு 2,853 ரூபாய் மிச்சமாகும் இந்தச் சௌகரியத்துக்கு விலை 22 லட்சத்துக்கு மேல், ஏனெனில் மொத்தம் 86.9 லட்சமாக ஏறிவிடும். 15 வருஷத்தில் தீர்ப்பதாயின் தவணை 30,428; மொத்தம் 54.77 லட்சமே. மூன்றிலும் வட்டி விகிதம் ஒன்றே. வேறுபட்டது காலம் மட்டுமே.

1938ஆம் வருஷத்து அளவுகோலை இதன்மேல் வைத்துப் பார்த்தால் விந்தையான முடிவு கிட்டுகிறது. அசலின் இரு மடங்கான 60 லட்சத்தை, 20 வருஷக் கடனாளி 223ஆவது தவணையில், கடன் தீரும் தறுவாயில்தான் தாண்டுகிறார். 30 வருஷக் கடனாளியோ 249ஆவது தவணையிலேயே தாண்டிவிடுகிறார், அன்றைக்கு அவர் தலைமேல் இன்னும் 18 லட்சம் அசலும் 111 தவணைகளும் நிற்கின்றன.

வட்டியைக் கணக்கிடும் முறையிலும் மறைவான செலவு உண்டு. முற்காலத்தில் சில நிறுவனங்கள் மாதாமாதம் வாங்கிய பணத்தை வருஷ முடிவில்தான் அசலில் கழித்தன. அதே 9 வட்டியானாலும் மேற்சொன்ன 20 வருஷக் கடனில் இவ்வழக்கம் ஏறக்குறைய 95,000 ரூபாயை அதிகப்படுத்தும். பிறகு மாறும் வட்டி வந்தது. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4இலிருந்து 6½ ஆக உயர்ந்தபோது, பல வங்கிகள் தவணையை உயர்த்தாமல் காலத்தை மட்டும் நீட்டின. 7 வட்டிக்கு 20 வருஷக் கணக்கில் நிர்ணயித்த 30 லட்சத்தின் தவணை 23,259. வட்டி 9½ ஆனால், அந்த அசலுக்கு ஒரு மாத வட்டியே 23,750. கட்டக் கட்டக் கடன் வளரும் நிலை இது. தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று கடனாளியையே கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டதற்கு இதுவே காரணம்.

இவ்வளவும் சொன்னதனால் வீட்டுக் கடன் கூடாது என்பது என் அபிப்பிராயமன்று. ரூபாயின் மதிப்பு வருஷத்துக்கு வருஷம் தேய்வதால், இருபதாம் வருஷத்துத் தவணை முதல் வருஷத்துத் தவணையைப்போல் பாரமாக இராது; கடன் இல்லாவிடில் வாடகை கொடுத்தே தீரவேண்டும்; 1938இல் விவசாயியை வருத்திய வட்டிக்கும் இன்றைய வங்கி வட்டிக்கும் உள்ள தூரம் பெரிது. வங்கியில் பணம் போட்டிருப்பவர்களும் நம்மைப்போன்ற குடும்பஸ்தர்களே; இருமடங்கோடு நிறுத்து என்று அவர்களிடம் சட்டம் போடுவது இக்காலத்துக்கு ஒவ்வாது. சட்டம் கட்டாத எல்லையைக் கடன் வாங்குகிறவரே தமக்குக் கட்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது.

அதற்கு வேண்டிய சாதனங்கள் இன்று கையில் இருக்கின்றன. 2024 அக்டோபர் முதல், எல்லாச் செலவுகளையும் சேர்த்த வருஷாந்த விகிதத்தையும் தவணை அட்டவணையையும் காட்டும் முக்கிய விவர அறிக்கையை வங்கி கட்டாயம் கொடுக்க வேண்டும்; அதைக் கேட்டு வாங்கி, கடைசிப் பக்கம்வரை வாசியுங்கள். 2012 முதல் மாறும் வட்டியில் வீட்டுக் கடன் வாங்கிய தனி மனிதரிடம் வங்கிகள் முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் வாங்கக் கூடாது. ஆகையால் கைக்கு வரும் உபரிப் பணத்தை முதல் சில வருஷங்களிலேயே அசலில் கட்டுங்கள். வட்டி ஏறினால் காலத்தை நீட்டாமல் தவணையை உயர்த்தச் சொல்லுங்கள். அரை சதவீத வட்டிக்காக வங்கி வங்கியாக ஏறி இறங்குகிறவர்கள், எத்தனை வருஷம் என்ற கேள்விக்கும் அதே சிரத்தையைக் காட்ட வேண்டும். ஏனெனில் மேலே கண்ட 32 லட்சம் ரூபாய் வித்தியாசம் வட்டி விகிதத்தால் வந்ததன்று, 15க்கும் 30க்கும் இடையிலுள்ள வருஷங்களால் வந்தது.