ஆட்டோ சங்கர் 'சைக்கோ'வா?

ஆட்டோ சங்கர் பத்தி யூடியூப்ல எந்த வீடியோ வந்தாலும் தலைப்புல 'சைக்கோ' இருக்கும். 2019ல ஜீ5 தொடராவும் வந்தாச்சு. ஒரு டாக்டரா அந்த வார்த்தையைப் பத்திக் கொஞ்சம் பேசணும்.

வழக்கு இதுதான். சென்னை திருவான்மியூரில் ஆட்டோ ஓட்டிய கௌரி சங்கர், கள்ளச்சாராயத்தில் இறங்கி, பிறகு பாலியல் தொழில் நடத்திப் பணம் பார்த்தார். கூட்டாளிகளோடு சேர்ந்து 6 கொலைகள். 1988ல் விஷயம் வெளியே வந்தது. 1991 மே மாதம் செங்கல்பட்டு செஷன்ஸ் கோர்ட் தூக்கு விதித்தது. உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தன. 1995 ஏப்ரலில் சேலம் சிறையில் தூக்கு.

இதில் பைத்தியம் எங்கே இருக்கு? தொழில், பணம், ஆத்திரம், கூட்டாளிகள், தடயத்தை மறைத்தல். எல்லாம் கணக்குப் போட்டுச் செய்தது.

'சைக்கோ' என்ற சொல் 1960ல் வந்த ஹிட்ச்காக் படத்தால் பிரபலமானது. நம்ம ஊர்ல 'சிகப்பு ரோஜாக்கள்' பார்த்தவங்க கொலைகாரன்னாலே மனசு கெட்டவன்னு முடிவு பண்ணிட்டாங்க. அப்படி முடிவு பண்ணிட்டா ஒரு வசதி. சாராயமும் விடுதியும் யார் கண்ணுக்கும் படாம இத்தனை வருஷம் எப்படி நடந்துச்சுன்னு கேட்க வேண்டாம் பாருங்க!

சங்கர் சிறையில் எழுதிய சுயசரிதையில் ஐ.ஏ.எஸ்., ஐ.பி.எஸ். அதிகாரிகளோடு தொடர்பு இருந்ததாகச் சொன்னார். உண்மையோ பொய்யோ, 'நக்கீரன்' அதை வெளியிடப் போவதாக அறிவித்ததும் சிறைத்துறை ஐ.ஜி. எச்சரிக்கைக் கடிதம் அனுப்பினார். விஷயம் உச்ச நீதிமன்றம் போனது. 1994 அக்டோபர் 7 தீர்ப்பு: அரசு முன்கூட்டியே தடுக்க முடியாது; பொது ஆவணத்தில் உள்ளதை அனுமதி இல்லாமலே எழுதலாம். ஆனால் பாலியல் வன்முறைக்கும் கடத்தலுக்கும் ஆளான பெண்களின் பெயரை, ஆவணத்தில் இருந்தாலும் வெளியிடக் கூடாது என்றது அதே தீர்ப்பு. முதல் பாதியை மட்டும் எல்லாரும் பிடிச்சுக்கிட்டாங்க. வீடியோ முகப்புல இன்னைக்கும் பொண்ணுங்க போட்டோதான்.

இப்ப நம்ம திருவண்ணாமலைக்கு வாங்க. கிரிவலப் பாதையில் தனக்குத் தானே பேசிக்கிட்டு உட்கார்ந்திருப்பவரைப் பார்த்ததும் 'சைக்கோ'ன்னு குழந்தையை இழுத்துக்கிட்டு ஒதுங்குறோம். அவருக்கு இருப்பது சைகோசிஸாக இருக்கலாம். யாரும் பேசாமலே குரல் கேட்கும், இல்லாத பயம் வரும். மாத்திரைக்குக் கட்டுப்படும் நோய். சைக்கோபதி என்பது வேற, குற்ற உணர்வே இல்லாத சுபாவம். மனநோயாளிகளில் பெரும்பாலானோர் யாரையும் தாக்குவதில்லை, அடி வாங்குவதுதான் அதிகம். அந்தப் பேர் வந்துடுமோன்னு பயந்தே பல வீடுகளில் பிள்ளையை வருஷக்கணக்கா ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டு வர்றதில்லை.

அரசு மருத்துவமனை மனநலப் பிரிவுக்கு வாங்க. முதலில் பேசிப் பார்க்கணும்னா டெலி மனஸ் 14416, இலவசம், தமிழ்லயே பேசலாம்.