ஸ்வெத்லானா: கவிஞர்கள் பெற்றெடுத்த பெயர்

ஸ்வெத்லானா என்ற பெயரைக் கேட்டதும் பனி மூடிய காடும், மரக்கோட்டையும், அதில் காத்திருக்கும் பழங்கால ரஷ்ய இளவரசியும் மனத்தில் வந்து நிற்பார்கள். ஆனால் பழைய ரஷ்யாவில் அப்படி ஓர் இளவரசி வாழவில்லை. அந்தப் பெயரில் புனிதை ஒருவரும் இருந்ததில்லை. உழவர் வீட்டுத் தாய்மார்கள் தங்கள் மகள்களை அப்படி அழைத்ததும் இல்லை. இந்தப் பெயர் 1802இல் ஒரு கவிதைக்காக உருவாக்கப்பட்டது. அதைத் தொட்டில்வரை கொண்டு சேர்க்கக் கவிஞர்கள், கடற்படை, பல்பு ஆலை, ஒரு புரட்சி எனப் பலரும் கைகொடுக்க வேண்டியிருந்தது.

பெயரை உருவாக்கியவர் அலெக்ஸாந்தர் வஸ்தோகவ். இவருடைய பெயரும் புதிதாகச் செய்துகொண்டதுதான். இன்றைய எஸ்தோனியாவுக்குச் சொந்தமான ஒரு பால்டிக் தீவில், 1781இல், ஜெர்மானியப் பிரபு ஒருவருக்குத் திருமண உறவுக்கு வெளியே பிறந்தவர். தந்தையின் குடும்பப் பெயர் ஓஸ்தன்-சாக்கென். அது மகனுக்குக் கிடைக்கவில்லை. ஓஸ்தனெக் என்று வேறொரு பெயர் தரப்பட்டது. ஜெர்மனில் 'ஓஸ்தன்' என்றால் கிழக்கு. ரஷ்யனில் கிழக்கு 'வஸ்தோக்'. வளர்ந்ததும் தன் பெயரைத் தானே ரஷ்யனுக்கு மாற்றி வஸ்தோகவ் ஆனார். ஜெர்மன் பேசி வளர்ந்த இந்த மனிதர்தான் பின்னாளில் ரஷ்யாவின் மிகப் பெரிய ஸ்லாவிய மொழியியல் அறிஞர்களில் ஒருவரானார். பதினோராம் நூற்றாண்டுக் கையெழுத்துப் பிரதியான ஓஸ்த்ரமீர் நற்செய்தியை 1843இல் ஆராய்ந்து பதிப்பித்தவர் இவரே.

இளமையில் அவர் எழுதிய கதைக்கவிதை 'ஸ்வெத்லானாவும் மிஸ்திஸ்லாவும்'. மிஸ்திஸ்லாவ் உண்மையான பழைய இளவரசர்களின் பெயர். அதற்குப் பக்கத்தில் நின்றதால் ஸ்வெத்லானாவுக்கும் அந்தப் பழமையின் சாயல் ஒட்டிக்கொண்டது. வேர்ச்சொல் பழையதுதான்: 'ஸ்வெத்' என்றால் ஒளி. வடமொழியில் வெண்மையைக் குறிக்கும் 'ஸ்வேத' என்ற சொல்லும் அதே இந்தோ-ஐரோப்பிய மூலத்திலிருந்து கிளைத்தது. நம் ஊர்ப் பள்ளிகளில் வகுப்புக்கு ஒருத்தியாக இருக்கும் ஸ்வேதாக்கள் ஸ்வெத்லானாவுக்குத் தூரத்து உறவினர்கள்.

வஸ்தோகவின் கவிதையோடு நின்றிருந்தால் இந்தப் பெயர் நூலகத் தூசியில் மறைந்திருக்கும். அதைக் காப்பாற்றியது ஜெர்மனியிலிருந்து வந்த ஒரு பேய்க் கதை. கோட்ஃப்ரீட் பியூர்கர் 1773இல் 'லெனோர்' என்ற கதைப்பாடலை எழுதினார். போருக்குப் போன காதலன் திரும்பவில்லை. லெனோர் கடவுளை நிந்திக்கிறாள். நள்ளிரவில் அவன் குதிரையில் வந்து அவளை ஏற்றிக்கொண்டு பறக்கிறான். பயணம் கல்லறையில் முடிகிறது. ஐரோப்பா முழுவதும் இதை மொழிபெயர்த்தும் தழுவியும் எழுதித் தள்ளியது. வால்டர் ஸ்காட்டின் முதல் வெளியீடுகளில் ஒன்று இதன் ஆங்கில வடிவம். நூறாண்டுக்கு மேல் கழித்து பிராம் ஸ்டோக்கரின் 'டிராகுலா' நாவலில்கூட இந்தப் பாடலின் வரி ஒன்று மேற்கோளாக வருகிறது.

ரஷ்யாவுக்கு லெனோரை அழைத்து வந்தவர் வசீலி ஷுகோவ்ஸ்கி. இவருடைய பிறப்பும் வஸ்தோகவின் கதையை ஒத்தது. தந்தை அஃபனாசி புனின் என்ற நிலக்கிழார். தாய் சல்ஹா, துருக்கியப் போரில் சிறைபிடித்துக் கொண்டுவரப்பட்ட பெண். ஞானஸ்நானத்தில் அவருக்கு எலிசவேத்தா என்று பெயர் மாற்றினார்கள். பையனுக்குக் குடும்பப் பெயரைக் கொடுத்தவர் அந்த வீட்டில் வாழ்ந்துவந்த ஏழைப் பிரபு ஒருவர். தந்தையின் பெயர் மறுக்கப்பட்ட இரண்டு பிள்ளைகள், ஒருவர் உருவாக்கி மற்றவர் வளர்த்து, ஒரு நாட்டுக்கே பெயர் கொடுத்தார்கள்.

ஷுகோவ்ஸ்கி முதலில் 1808இல் லெனோரை 'லியுத்மீலா' ஆக்கினார். அது திருச்சபை ஏற்ற பழைய பெயர்; போஹீமியாவில் அந்தப் பெயரில் ஒரு புனிதையே இருந்தார். ஆனால் அவருக்கு மனநிறைவு வரவில்லை. அதே கதையை மறுபடி கையில் எடுத்து, 1813இல் 'ஸ்வெத்லானா' என்று வெளியிட்டார். இம்முறை கதை ரஷ்ய மண்ணில் ஊன்றி நின்றது. ஜனவரி மாதத் திருக்காட்சிப் பெருவிழாவின் முந்தைய இரவு. வருங்காலக் கணவன் யாரென்று அறியப் பெண்கள் குறி பார்க்கும் வேளை. ஸ்வெத்லானா மெழுகுவர்த்தி ஏற்றிக் கண்ணாடி முன் அமர்கிறாள். பேய்க் காதலன் வருகிறான், சவப்பெட்டி திறக்கிறது. பொழுது விடிந்ததும் அத்தனையும் கனவு என்று தெரிகிறது. காதலன் உயிரோடு வாசலில் வந்து நிற்கிறான். கல்லறையில் முடிந்த கதையைக் கவிஞர் கல்யாணத்தில் முடித்துவைத்தார். அதைத் தன் உறவுப் பெண் அலெக்ஸாந்த்ரா புரத்தாசவாவுக்குத் திருமணப் பரிசாகவும் கொடுத்தார்.

படித்தவர்கள் மயங்கிப் போனார்கள். பாவெல் கதேனின் என்ற கவிஞர் போட்டியாக 1816இல் அதே லெனோரை 'ஓல்கா' என்ற பெயரில் கரடுமுரடான நாட்டுப்புற மொழியில் எழுதினார். எது உண்மையான ரஷ்ய நடை என்று பத்திரிகைகளில் பெரும் சண்டையே நடந்தது. புஷ்கின் தன் 'யெவ்கேனி அனேகின்' கதாநாயகி தத்தியானாவை ஸ்வெத்லானாவோடு ஒப்பிட்டார். அர்ஸமாஸ் என்ற இலக்கிய நண்பர் குழுவில் உறுப்பினர்கள் ஷுகோவ்ஸ்கியின் பாடல்களிலிருந்து புனைபெயர் வைத்துக்கொண்டார்கள். அங்கே ஸ்வெத்லானா என்று அழைக்கப்பட்டவர் ஷுகோவ்ஸ்கியேதான். ஆக, இந்தப் பெயரை முதலில் சூடிக்கொண்டவர்களில் ஒருவர் ஓர் ஆண்.

பெண் குழந்தைக்கு அதைச் சூட்டுவதில் மட்டும் தடை இருந்தது. ரஷ்யத் திருச்சபையில் ஞானஸ்நானம் பெற வேண்டுமானால் புனிதர் நாட்காட்டியில் உள்ள பெயராக இருக்க வேண்டும். கவிதையில் பிறந்த ஸ்வெத்லானாவுக்கு அங்கே இடம் ஏது? ஆசைப்பட்ட பெற்றோர் ஒரு வழி கண்டுபிடித்தார்கள். யோவான் நற்செய்தியில் கிணற்றடியில் இயேசுவோடு பேசும் சமாரியப் பெண்ணை மரபு ஃபோத்தினியா என்று அழைக்கிறது. கிரேக்கத்தில் அந்தப் பெயருக்கும் ஒளி என்றே பொருள். கோயில் பதிவேட்டில் ஃபோத்தினியா, வீட்டில் ஸ்வெத்லானா. வசதி படைத்த சில குடும்பங்களில் மட்டும் இந்த இரட்டைப் பெயர் வழக்கம் இருந்தது.

குழந்தைகளுக்கு இருந்த தடை கப்பல்களுக்கு இல்லை. பிரான்சின் போர்தோ நகரில் கட்டிய போர்க்கப்பலுக்கு ரஷ்யக் கடற்படை ஸ்வெத்லானா என்று பெயரிட்டது. 1871இல் அதில் அமெரிக்கா புறப்பட்டவர் இரண்டாம் அலெக்ஸாந்தர் மன்னரின் மகன் அலெக்ஸேய். அந்த மன்னருக்கு இளமையில் ஆசானாக இருந்தவர் ஷுகோவ்ஸ்கி. இளவரசர் அலெக்ஸேய் காதலித்தது ஷுகோவ்ஸ்கியின் மகள் அலெக்ஸாந்த்ராவை. அரண்மனை அந்த உறவை ஏற்கவில்லை. காதலியைப் பிரிந்த இளவரசரைச் சுமந்து சென்றது காதலியின் தந்தை புகழ்பெறச் செய்த பெயர் தாங்கிய கப்பல். அவர் நெப்ராஸ்காவில் அமெரிக்க வேட்டைக்காரர் பஃபலோ பில்லோடு காட்டெருமை வேட்டையாடிக்கொண்டிருந்த நாட்களில் அவருக்கும் அலெக்ஸாந்த்ராவுக்கும் பிறந்த கைக்குழந்தை ஐரோப்பாவில் இருந்தது.

கப்பல் ஆசியா வழியாகச் சுற்றி ரஷ்யாவின் கிழக்குக் கோடித் துறைமுகத்தை அடைந்தது. அந்த வருகையின் நினைவாக 1873இல் நகரின் முதன்மைத் தெருவுக்கு ஸ்வெத்லான்ஸ்காயா என்று பெயர் வைத்தார்கள். அந்த நகரம் விளாதிவஸ்தோக்! தன் பெயரில் கிழக்கைச் சூடிக்கொண்ட வஸ்தோகவ் உருவாக்கிய பெண், கிழக்கைப் பெயரில் தாங்கிய நகரத்தில் வந்து குடியேறினாள். சோவியத் காலத்தில் அது லெனின் தெருவானது. 1992இல் மறுபடியும் ஸ்வெத்லான்ஸ்காயா. இதே பெயர் கொண்ட இன்னொரு போர்க்கப்பல் 1905இல் ஜப்பானியரோடு நடந்த சுஷிமா கடற்போரில் மூழ்கியது.

கடலுக்குப் பிறகு மின்சாரம். முதல் உலகப் போருக்குச் சற்று முன்பு செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கின் அய்வாஸ் ஆலை தான் தயாரித்த பல்புகளுக்கு ஸ்வெத்லானா என்று பெயரிட்டது. ஒளி, விளக்கு, கனல்தல் ஆகிய ரஷ்யச் சொற்களின் முதல் அசைகளைச் சேர்த்தால் அந்தப் பெயர் வரும் என்று மக்கள் விளக்கமும் சொல்லிக்கொண்டார்கள். ஆலை பின்னர் வானொலி வால்வுகளும் செய்தது. சோவியத் ஒன்றியம் கலைந்த பிறகு மேற்கு நாட்டு கிட்டார் கலைஞர்கள் தங்கள் ஒலிபெருக்கிகளுக்கு அந்த வால்வுகளைத் தேடி வாங்கினார்கள். அப்போது அமெரிக்க வணிக நிறுவனம் ஒன்று அந்த வணிகப் பெயரை அங்கே தன் உரிமையாக்கிக்கொண்டது. சராத்தவ் நகரில் செய்த வால்வுகள் ஸ்வெத்லானா என்று விற்பனையாக, செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கின் அசல் வால்வுகள் சிறகு வைத்த ஓர் எழுத்துச் சின்னத்தோடு விலைபோயின.

பெயர் கடைசியில் குழந்தைகளை வந்தடைந்தது 1917 புரட்சிக்குப் பிறகு. பிறப்புப் பதிவு திருச்சபையிடமிருந்து அரசு அலுவலகத்துக்கு மாறியது. பெற்றோர் உற்சாகத்தில் விளாத்லென், அக்தியாப்ரினா, லெனினைத் திருப்பிப் போட்டு நினெல் என்றெல்லாம் பெயர் வைத்தார்கள். அவற்றுக்கு நடுவே ஸ்வெத்லானா எல்லோருக்கும் ஏற்றதாக அமைந்தது. புனிதர் பட்டியலில் இல்லாததால் மத வாசம் இல்லை, காதுக்கு ரஷ்யப் பெயர், பொருளோ ஒளி. நாடு மின்மயமாகிக்கொண்டிருந்த காலத்துக்கு அது பொருந்தியது. சோவியத் தலைவர்களின் வீடுகளிலும் அதே பெயர்தான்: புகாரினின் மகள் ஸ்வெத்லானா, மோலத்தவின் மகள் ஸ்வெத்லானா. 1926இல் பிறந்த ஸ்டாலினின் மகளும் ஸ்வெத்லானா.

இங்கே ஒரு தற்செயல், கவிஞர் செர்கேய் மிகல்கோவ் தானே சொன்னது. இருபத்திரண்டு வயதில், தனக்குப் பிடித்த மாணவி ஒருத்தியிடம் அவள் பெயரில் கவிதை வெளியிடுவதாகச் சொல்லிவிட்டார். இஸ்வெஸ்தியா நாளிதழில் அச்சுக்குத் தயாராக இருந்த தன் தாலாட்டுப் பாடலின் தலைப்பைப் போய் ஸ்வெத்லானா என்று மாற்றினார். 1935இல் அது வந்தது. கட்சித் தலைமையகத்திலிருந்து அழைப்பும் வந்தது: கவிதை ஸ்டாலினுக்குப் பிடித்திருந்ததாம். மாணவிக்காக வைத்த தலைப்பு, ஒன்பது வயது ஸ்வெத்லானாவின் தந்தையை எட்டிவிட்டது. மிகல்கோவின் எழுத்து வாழ்க்கை அங்கிருந்து ஏறியது. சோவியத் தேசிய கீதத்தின் சொற்களை எழுதியவர்களில் ஒருவர் அவர்.

போருக்குப் பிந்தைய பத்தாண்டுகளில் சோவியத் வகுப்பறைகள் ஸ்வெத்லானாக்களால் நிறைந்தன. உக்ரைனில் ஸ்வித்லானா, பெலாரூஸில் ஸ்வியத்லானா என்று அந்தந்த மொழிக்கேற்ப உருமாறியது. 1984 ஏப்ரலில் ராகேஷ் சர்மா தங்கிய அதே சல்யூத்-7 நிலையத்திலிருந்து, அதே ஆண்டு ஜூலையில், ஸ்வெத்லானா சவீத்ஸ்கயா வெளியே இறங்கி விண்வெளியில் நடந்தார். அப்படி நடந்த முதல் பெண் அவர்தான். 2015இல் பெலாரூஸ் எழுத்தாளர் ஸ்வெத்லானா அலெக்ஸியெவிச் இலக்கிய நோபல் பெற்றார்.

இந்தியாவுக்கும் இந்தப் பெயர் ஒரு பெரிய திருப்பத்தோடு வந்தது. ஸ்டாலினின் மகள் மாஸ்கோவில் பிரஜேஷ் சிங் என்ற இந்தியக் கம்யூனிஸ்டை நேசித்தார். 1966இல் பிரஜேஷ் இறந்ததும், அஸ்தியைக் கங்கையில் கரைக்க உத்தரப் பிரதேசத்தின் காலாகாங்கருக்கு வந்தார். திரும்பிப் போக மனம் வரவில்லை. 1967 மார்ச்சில் தில்லியில் அமெரிக்கத் தூதரகத்துக்குள் நுழைந்து அடைக்கலம் கேட்டார். நினைவுக் குறிப்புகள் எழுதிக் கிடைத்த பணத்தில் ஒரு பகுதியைக் காலாகாங்கரில் மருத்துவமனைக்குக் கொடுத்தார். அமெரிக்காவில் பீட்டர்ஸ் என்பவரை மணந்து லானா பீட்டர்ஸ் ஆனார். அந்தப் பெயரோடு 2011இல் விஸ்கான்சினில் மறைந்தார். பெற்றோர் சூட்டிய பெயரில் பாதியைத்தான் கடைசிவரை வைத்திருந்தார்.

இன்று ரஷ்யாவில் பிறக்கும் பெண் குழந்தைகளுக்கு சோஃபியா, மரியா, அன்னா என்ற பழைய திருச்சபைப் பெயர்களே அதிகம். பாட்டிமார் வயதில் ஏராளமான ஸ்வெத்லானாக்கள் உண்டு; தொட்டிலில் மறுபடியும் அரிதாகிவிட்டார்கள்.

பெயர்ப் புத்தகங்கள் ஸ்வெத்லானாவைத் தொன்மையான ஸ்லாவியப் பெயர் என்று எழுதுகின்றன. அதற்கு வயது இருநூற்றுச் சொச்சம்தான். ஜெர்மன் பேசி வளர்ந்தவர் உருவாக்கினார். துருக்கியத் தாயின் மகன் ஜெர்மன் பேய்க் கதையில் வைத்துப் புகழ்பெறச் செய்தார். அதனால் அது போலிப் பெயர் ஆகிவிடாது. லட்சக்கணக்கான தாய்மார்கள் விரும்பிச் சூட்டி, வாய் நிறைய அழைத்ததே அதன் பாரம்பரியம். ஒரு பெயர் ஒரு மக்களுக்குச் சொந்தமாவதற்கு அது போதும்.