கடல் கடந்த தமிழ்ப் படங்கள்

முத்தும் மிளகும் பிறநாடு செல்லுங்கால் மொழிபெயர்ப்பு வேண்டா. கலை அத்தகையதன்று. அதிலும் பெரும்பொருளை முதலாகக் கொள்ளும் திரைப்படம் எல்லை கடக்கும்போது, தன்னை எவ்வளவு மாற்றிக்கொள்வது, தன்னைச் சுமந்து செல்வார் யாவர் என்னும் இரு வினாக்களுக்கு விடை காணல் வேண்டும். யப்பானின் 'கொட்சில்லா' (1954) அமெரிக்கா சென்றபோது, அங்குள்ளோர் அதனை வெட்டிச் சுருக்கி, அமெரிக்க நடிகர் ஒருவரைப் புதிதாக நுழைத்தே 1956 இல் திரையிட்டனர்.

தமிழ்ப் படங்களும் இவ்வினாக்களை எதிர்கொண்டன. ஜெமினி அதிபர் எஸ். எஸ். வாசன் 1948 ஏப்பிரலில் வெளியிட்ட 'சந்திரலேகா' 30 இலட்சம் ரூபாவை விழுங்கியது. தமிழ் வழங்கும் நிலப்பரப்பு மட்டும் அத்தொகையை மீட்டுத் தரக்கூடியதாய் இருக்கவில்லை. ஆதலின் வாசன் அவ்வாண்டின் இறுதியிலேயே, காட்சிகள் சிலவற்றை மாற்றி இந்தியிலும் அதனை வெளியிட்டார். முரசுகளின்மேல் ஆடப்பெற்ற பெருநடனத்தைச் சுவைக்க மொழி வேண்டாமையின், வடநாடு அதனை விரும்பி ஏற்றது.

ஐம்பது ஆண்டுகளின் பின்னர் நிகழ்ந்தது இதற்கு மாறானது. றஜினிகாந்த் நடித்த 'முத்து' (1995) தமிழகத்து மக்களையே கருதி எடுக்கப்பட்டது. சிங்கப்பூரில் அதனைக் கண்ட யுன் எடோக்கி என்னும் யப்பானிய விமர்சகர் அதன் சுவையைத் தம் நாட்டார்க்கு அறிவித்தார். 1998 இல் தோக்கியோவில் திரையிடப்பட்ட அப்படம் ஒரே அரங்கில் 23 வாரங்கள் ஓடியது. ஆடலும் பாடலுமே அங்குக் கவர்ச்சியாயின. அந்நாட்டார் இட்ட பெயரிலும் 'ஆடும் மகாராசா' என்பது இடம்பெற்றது. தன் அவைக்கு உண்மையாக இருந்த படைப்பே அயலாரையும் கவர்ந்தது என்க.

இனி, ஈழத்தை நோக்குவோம். தமிழகப் படங்கள் கடல் கடந்து முதலில் வந்தெய்திய துறைகளுள் இலங்கையும் ஒன்று. அதனால் ஈழத்தார் பெற்ற இன்பம் பெரிது, இழந்ததும் சிறிதன்று. இங்கு 1962 இல் 'சமுதாயம்', 1963 இல் 'தோட்டக்காரி' ஆகிய தமிழ்ப் படங்கள் தோன்றின. 1972 இல் வெளிவந்த 'குத்துவிளக்கு' யாழ்ப்பாணத்து வாழ்வைத் திரையிற் காட்ட முயன்றது. எனினும், சென்னையின் பேரரங்குகளையும் பெருநடிகரையும் கண்டு பழகிய கண்களுக்கு இவை எளியனவாகவே தோன்றின. 1983 யூலை வன்செயலில் ஹெந்தளை விஜயா கலையகம் எரியுண்டபோது, அங்கிருந்த பல படங்களின் மூலப்பிரதிகளும் அழிந்தன.

இசையின் வரலாறு வேறு. அதுவும் தமிழகத்தினின்றே வந்தது. ஆயின், மருதனார்மடத்தில் இராமநாதன் பெயரால் 1960 இல் தொடங்கப்பெற்ற இசைக் கல்லூரி, மகாராஜபுரம் சந்தானம் போன்ற வித்துவான்களை ஆசிரியராக வரவழைத்து, இம்மண்ணின் மாணவரைப் பயிற்றியது. இசை கல்வியாக வந்தது, வேரூன்றியது. திரைப்படம் வணிகப் பண்டமாகவே வந்தது. கண்டு களித்தோர் பலர், கற்றோர் சிலர்.

2015 இல் பிரான்சிய இயக்குநர் ஜாக் ஓடியாரின் 'தீபன்' கான் விழாவின் தங்கப்பனை விருதினைப் பெற்றது. அதன் உரையாடலிற் பெரும்பகுதி தமிழ். தலைமைப் பாத்திரத்தை ஏற்றவர் அல்லைப்பிட்டியிற் பிறந்த எழுத்தாளர் ஷோபாசக்தி. யாழ்ப்பாணத்தான் ஒருவனின் குரல் உலக அரங்கில் ஒலித்தது. ஆயினும் முதலும் நெறியாள்கையும் பிறருடையன.

உலகை எய்துவதற்கு முதலும் வேண்டும், சுமப்பாரும் வேண்டும். இவ்விரண்டினும் முன்னதாக வேண்டப்படுவது தன் மக்களாகிய அவை. 'முத்து'வுக்கு அது இருந்தது. 'குத்துவிளக்கு'க்குப் போதிய அளவில் இருந்திலது. அவ்வவையை ஆக்குதல் வணிகரால் மட்டும் இயல்வதன்று. கல்விக்கூடங்களுக்கும் உரிய கடன் அது.